சுவருக்குப் பொட்டு

மைதிலி எடுத்த ஏழாவது படம் இது. முதல் ஆறையும் யாரும் முழுசாகப் பார்த்ததில்லை. வீட்டுச் சுவரில் படம் ஓடும்போது சுவரில் பதித்த கேமராக் கண் பார்ப்பவர்களின் முகங்களைக் கவனிக்கும்; யார் முகம் சலித்தாலும் அந்த இடத்தை வெட்டிவிட்டு அடுத்த காட்சிக்குத் தாவிவிடும்.

இந்தப் படத்தில் ஒரு பெண் ஆஸ்பத்திரி வராந்தாவில் சேதிக்காகக் காத்திருக்கிறாள். பதினோரு நிமிஷம், ஒரே ஷாட். எல்லார் வீட்டிலும் அது நாலு நொடியில் முடிந்துபோனது.

"ஜனங்களுக்குப் பொறுமையே கிடையாது" என்று பொருமியபடி, கணவர் தயாளனோடு உட்கார்ந்து அவளே படத்தைப் போட்டாள். வராந்தா வந்தது. பாதியிலேயே படக்கென்று தாவியது.

"நான் கண்ணை எடுக்கவே இல்ல. நீதான் ஜன்னல் பக்கம் பார்த்தே" என்றார் தயாளன்.

சுருக்கென்றது. எடுத்தவளுக்கே சலித்துவிட்டது. ஆனால் அம்மாவை ஆபரேஷனுக்கு உள்ளே அனுப்பிவிட்டு அவளே ஆஸ்பத்திரி வராந்தாவில் உட்கார்ந்திருந்த அன்றைக்கும் இப்படித்தானே சலித்தது? அன்று யார் வெட்டினார்கள்?

எழுந்தாள். நெற்றியிலிருந்த ஸ்டிக்கர் பொட்டைப் பிய்த்துச் சுவரின் கண்மேல் ஒட்டினாள். படத்தை முதலிலிருந்து ஓடவிட்டாள்.

இந்த முறை வராந்தா நகரவில்லை. தயாளன் கொட்டாவியை அடக்கப் பார்த்தார்.

"அடக்காதீங்க, நல்லா விடுங்க" என்றாள் மைதிலி. "அது வரணும்னுதான் எடுத்தேன்."