மூன்றாவது வளைவு

பத்ரசாமி இருபத்திரண்டு வருடம் கார் பந்தயங்களில் ஓட்டினார். மண்டல அளவில் ஏழு கோப்பைகள் வாங்கினார். அதைத் தாண்டி எங்கும் போகவில்லை. கடைசிப் பந்தயம் முடிந்து கழுத்து மாலையைக் கழற்றிக்கொண்டிருந்தபோது, நஞ்சப்பன் ஊன்றுகோலோடு வந்து நின்றார். ஒன்பது வருடங்களுக்கு முன் மூன்றாவது வளைவில் பத்ரசாமியின் கார் இடித்துத்தான் அவருடைய இடது கால் போயிற்று. வலப்பக்கமாக முந்த வந்த நஞ்சப்பனின் காரைத் தான் பார்க்கவே இல்லை என்று பத்ரசாமி அன்றைக்கு நடுவர்களிடம் சொல்லியிருந்தார்.

"உங்க சீட்டுல உக்காந்தா என்ன தெரியும்னு ஒருக்கா பாக்கோணுமுங்க," என்றார் நஞ்சப்பன். "ரொம்ப நாளா அதே ரோசனை."

பத்ரசாமி, அன்றைக்கும் ஓட்டிய அதே காரை அந்த வளைவுக்குக் கொண்டுபோய் நிறுத்தினார். நஞ்சப்பன் மெல்ல நடந்து வந்து, சிரமப்பட்டு உள்ளே ஏறி, ஸ்டீயரிங்கைப் பிடித்துக்கொண்டார்.

"நான் வந்த எடத்துல போய் நில்லுங்க."

பத்ரசாமி வலப்பக்கம் போய் நின்றார். நஞ்சப்பன் கழுத்தை அப்படியும் இப்படியும் திருப்பிப் பார்த்தார். முன் கண்ணாடிக்கும் கதவுக்கும் நடுவே இருந்த தடித்த இரும்புக் கம்பி ஆளை முழுசாக மறைத்தது.

"நெசமாலுமே தெரியலீங்க!" என்றார். குரலில் அப்படியொரு நிம்மதி. "இத்தன வருசமா உங்களத் தப்பா நெனச்சுட்டனுங்க."



"நீங்க இன்னுங் கொஞ்சம் முன்னாடி இருந்தீங்க," என்று பத்ரசாமி சொல்லிவிட்டு, இரண்டு எட்டு எடுத்து வைத்து, முன் கண்ணாடிக்கு நேரே, முழுசாகத் தெரியும்படி வந்து நின்றார்.