சாவி மாமியார் இடுப்பில்

“பட்டப்பகல்ல மருமகளை ரூமுக்குள்ள வச்சுப் பூட்டறாங்க. கேக்க நாதியே இல்லையா?”

குடியிருப்போர் சங்கத் தலைவிக்கு ரத்தம் கொதித்தது. எதிர்வீட்டு மாமியார் கதவைப் பூட்டிச் சாவியை இடுப்பில் செருகியதை ஜன்னல் வழியாக அவளே பார்த்துவிட்டாள்.

“நமக்கெதுக்கு அத்தை ஊர் வம்பு?” என்றாள் அவளுடைய மருமகள், வெங்காயம் நறுக்கியபடி.

“சும்மா இரு. உன்னை யாராவது இங்க பூட்டி வச்சிருக்கோமா? மகாராணி மாதிரி வளைய வர்றே.”

மகாராணி கண்ணைத் துடைத்துக்கொண்டாள். பிறந்த வீட்டிலிருந்து அவள் கொண்டுவந்த வயலின் பீரோ மேலே தூசியில் கிடந்தது. வேலை முடிந்ததும் வாசிக்கலாம் என்பது தலைவியின் தீர்ப்பு. வேலைதான் முடிகிற பாடில்லை.

தலைவி விடுவிடுவென்று எதிர்வீட்டுக்குப் போனாள்.

“உங்க மருமக எங்கே?”

“வெளியில போயிருக்கா” என்றாள் அந்த மாமியார், கூசாமல்.

“புளுகாதீங்க! சாவியைக் குடுங்க. இல்லேன்னா போலீசுக்குப் போன் போடுவேன்.”

“ஐயோ, மெதுவாப் பேசுங்க. இன்னும் கொஞ்ச நேரம்தான்...”

தலைவி சாவியைப் பிடுங்கிக் கதவைத் திறந்தாள்.

உள்ளே ஆளுயர ஓவியம். அதன் முன்னால் மருமகள், மூக்கு நுனியில் நீலப் பெயிண்ட்.

“யாரு திறந்தது? முடிக்கிற வரைக்கும் திறக்காதீங்கன்னு சொன்னேனே அத்தை!”

“நான் என்னடி பண்ணுவேன், போலீஸ்னு மிரட்டறாங்களே!” என்ற மாமியார் தலைவி பக்கம் திரும்பினாள். “குக்கர் விசிலடிச்சாலே பிரஷ்ஷைப் போட்டுட்டு ஓடி வந்துடுவா இவ. கல்யாணமாகி ஒரு படம்கூட முடிக்கல. நாளைக்குக் கண்காட்சிக்குக் குடுக்கணும். அதான் அவளே பூட்டச் சொன்னா. வர்றவங்களுக்கெல்லாம் பொய் சொல்லியே என் வாய் வலிக்குது.”

படத்தில் அவர்கள் தெருதான், மழையில் நனைந்து பளபளத்தது. எதிர் ஜன்னலில் எட்டிப் பார்க்கும் ஒரு முகமும் இருந்தது. தலைவி அதைக் கவனிக்காத மாதிரி நின்றாள்.

மருமகள் கடைசியாக ஒரு கோடு இழுத்தாள்.

“முடிஞ்சிடுச்சு அத்தை!”

இருவரும் கட்டிக்கொண்டு குதித்தார்கள். மாமியார் கன்னமெல்லாம் நீலம். சந்தோஷத்தில் அவளுக்கு அழுகையே வந்துவிட்டது.

தலைவி சத்தமில்லாமல் வீடு திரும்பினாள்.

“என்ன அத்தை, அந்தப் பொண்ணைக் காப்பாத்திட்டீங்களா?”

தலைவி நேராகப் பீரோவிடம் போனாள். வயலினை இறக்கித் தூசி தட்டி மருமகளிடம் கொடுத்துவிட்டு, அவள் கையிலிருந்த கத்தியை வாங்கிக்கொண்டாள்.

“ரூமுக்குள்ள போ. நம்ம வீட்டுப் பூட்டு எங்க இருக்கு?”