ஹெக்ஸாம் வாசகர்

"அந்த ஹெக்ஸாம் ஆளு மறுபடியும் கடுதாசி போட்டிருக்கான், வினிஃப்ரெட்," என்றார் பேராசிரியர் ஆஸ்வின். "என் ஆங்கில இலக்கிய வரலாற்றுல மூணாவது அத்தியாயத்தைப் படிச்சா கொட்டாவி வருதாம்."

"என் தங்கச்சி ஊராச்சே, விவரமானவங்கதான்," என்றாள் மனைவி, ரொட்டியில் ஆரஞ்சு ஜாம் தடவியபடி. "இதையே நான் சொன்னப்ப எரிஞ்சு விழுந்தீங்க."

"நீ சும்மா இரு. அவன் படிச்சவன், சொன்னா கேட்டுக்கணும்."

அத்தியாயம் பாதியாகச் சுருங்கியது. வசந்தத்தில் புதிய பதிப்பு வந்தது. வினிஃப்ரெட் வழக்கம்போல நன்றியுரையைத்தான் முதலில் புரட்டினாள்.

"பன்னிரண்டு வருஷமாக என்னைத் திருத்திவரும் ஹெக்ஸாம் வாசகருக்கு நன்றி. அடுத்த கடிதத்தை மடித்து உறையில் போடும் முன், விரலில் ஒட்டியிருக்கும் ஆரஞ்சு ஜாமைத் துடைத்துக்கொள்ளவும்."