ஜட்ஜய்யா மேல் ஒரு வழக்கு

அன்னாரின் திருப்பெயர் ஜட்ஜய்யா. வயது இரண்டே முக்கால். கழிவறை மூலையில் தமக்கென்றே வாங்கி வைத்த பிளாஸ்டிக் இருக்கையில் அமர்ந்து, கன்னத்தில் கை ஊன்றி, தீர்ப்பை யோசிப்பவர்போல் முகத்தை வைத்துக்கொள்வதால் வீட்டார் சூட்டிய பட்டம் அது. காரியம் ஆனதும் கைதட்டுவது வீட்டு வழக்கம். தட்ட ஆள் இல்லாவிட்டால் தாமே தட்டிக்கொள்வார்.

அப்பேர்ப்பட்டவர்மீது அன்று மறுபடியும் குற்றச்சாட்டு எழுந்தது.

"பாருங்கப்பா, நாற்காலி மெத்தை திரும்பவும் ஈரம்!" என்றாள், பார்த்துப்போக வந்திருந்த அத்தை. தாத்தாவின் மூத்த மகள் அவள்.

ஜன்னலோரம் கிடக்கும் அந்த நாற்காலி தாத்தாவுடையது. பேரனை மடியில் வைத்துக்கொண்டு பிற்பகலில் அவர் கண்ணயர்வது அதில்தான்.

"நான் இல்ல," என்றார் ஜட்ஜய்யா.

"செய்யறதையும் செஞ்சுட்டு வாயைப் பாரு!" அத்தை சமையலறைப் பக்கம் குரலை உயர்த்தினாள். "ஏம்மா, மூணு வயசாகப் போகுது. இன்னுமா பழக்கலை? நாளெல்லாம் போனைப் பார்த்துக்கிட்டிருந்தா பிள்ளை எப்படிப் பழகும்?"

மருமகள் வந்தாள். மகனை ஒரு வார்த்தைகூடக் கடிந்துகொள்ளவில்லை. மெத்தை உறையைச் சத்தமில்லாமல் உருவினாள்.

"நான்தான் கவனிக்காம விட்டுட்டேன் அண்ணி."

"கண்டிக்காம செல்லம் கொடுத்தா இப்படித்தான். நீங்க சொல்லுங்கப்பா!"

தாத்தா பேருந்து நிலையத்தில் நேரக்காப்பாளராயிருந்து ஓய்வு பெற்றவர். தம் காலத்தில் ஒரு வண்டியும் தாமதமாகப் புறப்பட்டதில்லை என்பது அவருடைய பெருமை.

"எதுக்கும் ஒரு டைம் இருக்கும்மா," என்றார், ஜன்னலுக்கு வெளியே பார்த்தபடி. "மணி பார்த்து உட்கார வச்சா பிள்ளை தன்னால பழகும். உங்களையெல்லாம் நான் அப்படித்தான் பழக்கினேன்."

"நீங்க பழக்கினது பஸ்ஸை. எங்களைப் பழக்கினது அம்மா!"

ஜட்ஜய்யா தாத்தாவின் முழங்காலைப் பிடித்து உலுக்கினார். "தாத்தா, நான் இல்ல."

"பொய் சொல்லக் கூடாது," என்றார் தாத்தா.

அத்தைக்கு வீம்பு வந்துவிட்டது. "நாலு நாள் என்கிட்ட இருக்கட்டும். பழக்கிக் கொண்டாந்து விடுறேன்," என்று அன்று மாலையே குழந்தையைத் தூக்கிக்கொண்டு போய்விட்டாள்.

மறுநாள் பிற்பகல் கைபேசி ஒலித்தது. மருமகள் குளியலறையில் துணி கசக்கிக்கொண்டிருந்தாள். நுரை படிந்த விரலால் ஸ்பீக்கரில் போட்டாள்.

"பார்த்தியா? ஒரே நாள்! படுக்கைகூட நனையல. தானா 'உச்சா'ன்னு சொல்லிட்டு ஓடுறான். எல்லாம் வளர்ப்புல இருக்கு!"

"உங்க கைராசி அண்ணி."

"ஆனா ஒண்ணு. நாற்காலியில மட்டும் உட்கார மாட்டேங்கிறான். தூக்கி வச்சா, 'நான் இல்ல, நான் இல்ல'ன்னு விம்மி விம்மி அழுறான். என்னன்னே புரியல. இரு, அவனையே கூப்பிடுறேன்."

மருமகளின் கை நின்றது. அவள் கசக்கிக்கொண்டிருந்தது தாத்தாவின் மெத்தை உறை. நேற்று உருவியது கொடியில் காய்ந்துகொண்டிருந்தது. இது சற்றுமுன், குழந்தையே இல்லாத வீட்டில் நனைந்தது.

குளியலறை வாசலில் தாத்தா நின்றார்.

"அவன் எப்பம்மா பழகினான்?"

"மழைக்காலத்துக்கு முன்னாடியே மாமா." அவள் தலை நிமிரவில்லை.

"அப்புறம் ஏம்மா அத்தனை பேச்சும் வாங்கிக்கிட்டே?"

"குழந்தைன்னா சிரிச்சுட்டுப் போயிடுவாங்க. உங்களைன்னா..." அவள் முடிக்கவில்லை. "நான் திட்டாம இருந்தாப் போதும்னு நெனச்சுட்டேன் மாமா. அவன் இப்படி மனசுல வச்சிருப்பான்னு தோணவே இல்லை."

கைபேசியில் மூச்சிரைக்கும் சத்தம் கேட்டது. "தாத்தா... நான் இல்ல."

பேருந்து நிலையத்தின் இரைச்சலையெல்லாம் மீறி வண்டிகளை அழைத்துப் பழகிய தாத்தா, கைபேசியருகே குனிந்தார்.

"நீ இல்லடா கண்ணா," என்றார். "அத்தை பக்கத்துல இருக்காளா? அவளும் கேட்கட்டும். மெத்தையை நனைச்சது தாத்தா. தினமும் தாத்தாதான். பொய் சொன்னதும் தாத்தாதான்."



"தாத்தா உச்சா!" என்றது மழலைக் குரல். தொடர்ந்து, இரண்டு சின்னக் கைகள் தட்டும் ஓசை கேட்டது.

ஜட்ஜய்யா குற்றமற்றவர் என்று தீர்ப்பான நாள், மார்ச் மாதம் பதினோராம் தேதி, புதன்கிழமை.