நாலாவது பேர்

வரிசையில் இன்னும் ஐந்து பேர்தான். ஐந்து பேரும் நகர்ந்ததும் தன் பொய் வெளியே வந்துவிடும் என்று வசந்தகுமாரிக்குத் தெரியும்.

பக்கத்தில் அவள் கணவர் லட்சுமணன் இரண்டு பைகளை மடித்து அக்குளில் இடுக்கிக்கொண்டு நின்றார். கல்யாணமாகி இருபத்து நான்கு வருடத்தில் அவர் ரேஷன் கடைக்கு வந்தது இதுதான் முதல் தடவை.

ஜூனில் அரிசி லோடு வரவில்லை என்று சொல்லியிருந்தாள். ஜூலையில் மிஷினுக்கு நெட் கிடைக்கவில்லை. ஆகஸ்டில் கடைக்காரப் பெண் ஷோபனாவுக்கு உடம்பு சரியில்லை, கடையே திறக்கவில்லை.

மூன்றையும் அவர் நம்பினார். ரேஷன் கடையைப் பற்றி இப்படி எதைச் சொன்னாலும் நம்பாதவர் கள்ளிக்குப்பத்தில் யார்?

உண்மையில் மூன்று மாதமும் அவள் கடைப்பக்கமே வரவில்லை. காலிப் பையோடு தெருக்கோடித் தண்ணீர்த் தொட்டி வரைக்கும் போவாள். அங்கே அரை மணி நேரம் நிற்பாள். திரும்பிவிடுவாள்.

அட்டையில் இருக்கிற எல்லோரும் கடைக்கு வந்து விரல் வைக்க வேண்டும், வைக்காதவர் பெயரை எடுத்துவிடுவார்கள் என்று மே மாதக் கடைசியில் தெருவில் பேசிக்கொண்டார்கள்.

அவர்கள் அட்டையில் நான்கு பெயர். அவர், அவள், மகன் விஷால், மகள் ஸ்வாதி.

ஸ்வாதி மே ஒன்பதாம் தேதி காலையில் வேலைக்குப் போனவள்தான். அலமாரியில் நாலு வரிக் கடிதம் இருந்தது. கூட வேலை பார்க்கும் பையனாம். அவன் பெயரைப் படித்த இடத்திலேயே லட்சுமணன் கடிதத்தைக் கிழித்தார். நேராகக் குழாயடிக்குப் போய்த் தலை முழுகினார்.

அதன் பிறகு அந்த வீட்டில் அவள் பெயரை யாரும் சொன்னதில்லை. அவளுடைய போனும் அன்றைக்கு அணைந்ததுதான்.

ஆவடித் தண்டவாளத்தில் அடையாளம் தெரியாத பெண் என்று ஒரு வரிச் செய்தி வந்தாலும், சுடிதார் என்ன நிறம் என்று வசந்தகுமாரி தேடுவாள்.

மகள் இருக்கிறாளா என்று சொல்ல ஓர் ஆளில்லை. சர்க்கார் ஏட்டில் மட்டும் இருந்தாள். தான் கடைக்குப் போகாதவரை அங்கிருந்து அவளை யாரும் எடுக்க முடியாது என்று வசந்தகுமாரி தானாகவே ஒரு முடிவுக்கு வந்திருந்தாள்.

ஆனால் பாடிப் பக்கம் லட்சுமணன் போகிற பட்டறையில் வாரத்துக்கு மூன்று நாள்தான் வேலை என்று ஆகிவிட்டது. மளிகைக் கடை அரிசி வாங்கி மாளவில்லை. நேற்று மத்தியானம் மூன்று பேருக்கும் கஞ்சி. விஷால் ஒரு வாய் குடித்துவிட்டு எழுந்து போனான்.

"இன்னா லோடு, இன்னா நெட்டுனு நாளைக்கு நானே வந்து கேக்கறேன்" என்றார் லட்சுமணன்.

முன்னால் இருந்த கடைசி ஆளும் சர்க்கரையை வாங்கிக்கொண்டு நகர்ந்தான்.

"இன்னாக்கா, மூணு மாசமா ஆளையே காணோம்?" அட்டையை வாங்கிக்கொண்டே ஷோபனா கேட்டாள். "ஒரு மாசங்கூட அரிசி நிக்கல, நீங்கதான் வர்ல. போன மாசத்துதெல்லாம் இப்ப குடுக்க முடியாது, சொல்லிட்டேன்."

"அவங்க ஊட்ல பாஸ்மதி துன்றாங்க போல" என்று பின்னாலிருந்து ஒரு குரல். இரண்டு பேர் சிரித்தார்கள்.

லட்சுமணன் மனைவியைத் திரும்பிப் பார்த்தார். நாலு பேர் பார்க்க ஒரு அறை விட்டிருந்தால்கூடத் தேவலை என்று அவளுக்கு இருந்தது.

எதற்காக அவள் பொய் சொன்னாள் என்பது அவருக்குப் புரிய வெகுநேரம் ஆகவில்லை. விரல் வைக்காதவர் பெயரை எடுத்துவிடுவார்கள் என்ற பேச்சு அவர் காதிலும் விழுந்திருந்தது.

"எங்க ஊட்ல மூணு பேருதாம்மா" என்றார் ஷோபனாவிடம். "அந்த நாலாவது பேர அடிச்சுடு."

வசந்தகுமாரி ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டாள்.

ஷோபனா மிஷினைத் தட்டினாள். திரையைப் பார்த்தாள். கண்ணைச் சுருக்கி இன்னொரு முறை பார்த்தாள்.

"யாரு, ஸ்வாதியா? அத ஏண்ணா அடிக்கணும்? அந்தப் பொண்ணு வேற ஏதோ கடையில விரல் வெச்சிட்டுப் போயிருக்கே. ஜூன் நாலாந்தேதியே. வெக்காம நிக்கறது நீங்க மூணு பேருதான்."

ஜூன் நாலு.

மூன்று மாதமாக அந்தச் செய்தி இந்த ஜன்னலுக்கு அந்தப் பக்கம் அவளுக்காகக் காத்திருந்திருக்கிறது. வந்து வாங்கிக்கொள்ளத்தான் ஆள் வரவில்லை.

வீட்டுக்கு வரும் அரிசி குறைந்துவிடக் கூடாது என்று எங்கேயோ ஒரு வரிசையில் மகள் நின்றிருக்கிறாள். இவர்களுக்கு முன்னாலேயே நின்றிருக்கிறாள்.

எங்கே என்று கேட்க வசந்தகுமாரி வாயைத் திறந்தாள்.

"எந்தக் கடைம்மா?"

கேட்டது லட்சுமணன்.

"அதெல்லாம் இதுல காட்டாதுண்ணா. நீங்க விரலை வைங்க."

அவர் வேட்டியில் கட்டை விரலை அழுத்தித் துடைத்துவிட்டு வைத்தார். மிஷின் 'கீ' என்றது.

"எடுங்கண்ணா, பதிஞ்சிடுச்சு" என்றாள் ஷோபனா.

அவர் எடுக்கவில்லை.