முழுத் திரை

"இன்னும் கறுப்பாத்தான் தெரியுது தம்பி. துப்பாக்கிச் சத்தம் மட்டும் கேக்குது."

காதில் மாட்டியிருந்த இயர்போனில் சிவசங்கர் சொன்னதும் விஜயராஜ் சலித்துக்கொண்டான். மூன்று நாளாக இதே பாட்டு. அவன் போனில் விளையாட்டு பளிச்சென்று ஓடுகிறது. நேரலையில் பார்ப்பவர்களுக்கு மட்டும் படம் இருண்டு போகிறதாம். பதிவைப் பிறகு ஓட்டிப் பார்க்கலாமென்றால், அன்றைய டேட்டா நேரலைக்கே தீர்ந்துவிடுகிறது. வேறு போனில் பார்க்கவும் வழியில்லை. அண்ணியிடம் இருப்பது பட்டன் போன்.

விளையாடுவதை நேரலையில் காட்டி நாலு பேரைச் சேர்த்துவிட்டால், ஆந்திரப் பக்கம் மரம் வெட்டப் போகாமல் பிழைத்துக்கொள்ளலாம் என்பது அவன் கனவு. அப்படிப் போன அண்ணன் மாதையன் பட்ட பாடு போதாதா? கூட்டிப்போன மேஸ்திரி, கூட வேலை செய்த வேடியப்பனை ஊர் திரும்பிய பிறகு ஆள் வைத்து அடித்துக் கொன்றதை நேரில் பார்த்தவன் மாதையன் ஒருவன்தான். திங்கட்கிழமை திருப்பத்தூர் கோர்ட்டில் சாட்சி சொல்ல வேண்டும். அதுவரை மேஸ்திரி ஆட்கள் கண்ணில் பட்டால் உயிர் மிஞ்சாது. அதனால் மலையில் இடம் மாறி மாறி ஒளிந்திருக்கிறான். பொழுது சாயும்போது ஒரு தடவை போனை ஆன் செய்து, இருக்கிற இடத்தைத் தம்பிக்கு எழுதி அனுப்பிவிட்டு உடனே அணைத்துவிடுவான். அப்புறம் மறுநாள் பொழுது சாயும்வரை அவனைப் போனில் பிடிக்க முடியாது.

அண்ணி செந்தாமரை வாசலில் சாமை புடைத்துக்கொண்டிருந்தாள். கைதான் முறத்தில் இருந்தது, கண்ணெல்லாம் இவன் போன் மேல்தான்.

"வந்துச்சா தம்பி?"

"வரும் அண்ணி. வந்தா சொல்ல மாட்டனா?"

"சோறு கட்டி வெச்சிருக்கேன். எங்க எடுத்துனு போவணும்னு தெரிஞ்சாப் போதும்."

சிவசங்கரை அவன் நேரில் பார்த்ததில்லை. போன வாரம் தானாக வந்து விளையாட்டில் அணி சேர்ந்தவன். திருப்பத்தூர்க்காரன் என்று சொல்லிக்கொண்டான். விளையாடிக்கொண்டே பேசுவான், இன்னொரு போனில் நேரலையையும் பார்ப்பான். பார்ப்பவர்கள் இரண்டு பேர், மூன்று பேர் என்று எண் காட்டுமே தவிர, மற்றவர்கள் யாரும் ஒரு வார்த்தை எழுதியதில்லை. படம் கறுப்பாக வருகிறது என்று சொல்லி, சரிசெய்யவும் முன்வந்தவன் சிவசங்கர்தான். கும்பிடப் போன தெய்வம் குறுக்கே வந்தது என்று மகிழ்ந்துபோனான் விஜயராஜ்.

அவன் சொன்ன வைத்தியமெல்லாம் செய்தாகிவிட்டது. பேட்டரி சேமிப்பை நிறுத்தினான். படத்தின் தரத்தைக் குறைத்தான். ஆப்பை அழித்துவிட்டு மறுபடி ஏற்றினான், அதற்கே ஒரு பகல் போய்விட்டது.

"போனை ஒருவாட்டி ஆஃப் பண்ணிப் போடேன்," என்றான் சிவசங்கர்.

"இப்ப வேணாண்ணா. எங்க அண்ணன் மெசேஜ் வர்ற நேரம்."

"அப்ப ஆஃப் பண்ணாத. வேற வழி இருக்குது. நேரலை போடும்போது இன்னா கேக்குது? இந்த ஆப் மட்டுமா, முழுத் திரையான்னு கேக்குதா?"

"ஆமாண்ணா. ஆப் மட்டும்னுதான் குடுப்பேன்."

"அங்கதான் தப்பு. முழுத் திரை குடு, கறுப்பு போய்டும்."

விஜயராஜ் நேரலையை நிறுத்தி, அவன் சொன்னபடியே மறுபடி போட்டான்.

"தொந்தரவு செய்யாதேன்னு ஒரு பட்டன் இருக்குமே, அது போட்டிருக்கியா?"

"வெளையாடும்போது போடுவேண்ணா."

"எடுத்துடு. அண்ணன் மெசேஜ் தவறிடப் போவுது. வூட்ல காத்துனு இருப்பாங்க இல்ல?"

விஜயராஜுக்குக் கண் கலங்கிவிட்டது. மேஸ்திரிக்குப் பயந்து சொந்த மாமனே இந்த வாசலை எட்டிப் பார்ப்பதில்லை. முகம் தெரியாத ஒருத்தனுக்கு இருக்கிற அக்கறை, சொந்தச் சனத்துக்கு இல்லையே என்று நினைத்துக்கொண்டே அந்தப் பட்டனை எடுத்துவிட்டான்.

ஆட்டம் தொடங்கிக் கொஞ்ச நேரத்தில், திரையின் மேல் பக்கம் அந்தச் செய்தி இறங்கியது. காவலூர் போற வழி, சின்னதம்பி புளியந்தோப்பு, மோட்டார் கொட்டாய்ல இருக்கேன். சோறு எடுத்துனு வா.

அவன் அண்ணியிடம் இடத்தைச் சொன்னான். செந்தாமரை முறத்தைக் கீழே வைத்து, சாமியைக் கும்பிட்டுவிட்டு, தூக்கு வாளியை எடுத்துக்கொண்டு கிளம்பினாள். இருட்டுமுன் போய்ச் சேர வேண்டும் என்று ஒற்றையடிப் பாதையில் வேகமாக இறங்கினாள்.

"இப்ப தெரியுதாண்ணா?"

"தெரியுது தம்பி. நல்லாத் தெரியுது."

அடுத்த நொடி சிவசங்கர் ஆட்டத்திலிருந்து விலகிப் போனான். பாதியில் விட்டுப் போகிறவன் இல்லை அவன். நெட் போயிருக்கும் என்று விஜயராஜ் நினைத்தான். படம் வந்துவிட்ட சந்தோஷம் அவனுக்கு. பார்ப்பவர் எண்ணிக்கை அப்போதும் ஒன்று என்று காட்டியது. யாரென்று தெரியாத அந்த ஒருவரிடம், மூணு நாள் கறுப்பா இருந்தது இன்னைக்குச் சரியாய்டுச்சு, பார்த்தீங்களா என்று பெருமையாகச் சொன்னான்.

முதல்முறையாகத் திரையில் ஒரு பதில் வந்தது.

"டேய், நான் தமிழ்மணிடா, உங்கூடப் படிச்சவன், வாணியம்பாடியிலருந்து. எந்தக் கறுப்பு? மூணு நாளும் பாத்துனுதான் இருந்தேன், படம் பளிச்சுனுதான் வந்துச்சு. மொதல்ல முழுத் திரைய எடுறா, மாதையண்ணன் இருக்கற எடம் அப்படியே தெரிஞ்சிடுச்சு."

அண்ணனின் போன் அதற்குள் அணைந்திருந்தது.