மூன்றாவது கை

“அந்தக் கையில இருந்து நான் இனிமே பேட்டன் வாங்கமாட்டனுங்க சார். அவ ஓடுனா நான் ஓடல.”

சொல்லிவிட்டு சௌந்தர்யா ஷூ கயிற்றை இறுக்கிக் கட்டினாள். நாமக்கல் மைதானத்தில் வெயில் இறங்கிக்கொண்டிருந்தது. கோச் ஈஸ்வர் கழுத்தில் தொங்கிய விசிலை உருட்டிக்கொண்டிருந்தார். ரிலே அணியின் கேப்டன் அவள். ரயில்வேயில் வேலை பார்ப்பவள். அவளைப் பகைத்துக்கொண்டு அணி அமைக்க முடியாது.

சற்றுத் தள்ளி, எல்லாம் காதில் விழும் தூரத்தில், ஜோதி நின்றாள். எருமப்பட்டிக்காரி. மூன்றாவது ஆளாக ஓடும் இடத்துக்கான தேர்வுக்கு வந்திருந்தாள். “இந்த வருசமும் உட்டுப்போச்சுன்னா என்ற ஓட்டமே முடிஞ்சுதுங்க சார்” என்று அவள் ஈஸ்வரிடம் கெஞ்சியதை சௌந்தர்யா கேட்டிருந்தாள். கேட்க நன்றாக இருந்தது.

ஏழு வருடம் முன்பு இருவரும் ஒரே அணி. சென்னையில் இறுதிப் போட்டி. ஜெயித்தால் இங்கிலாந்துப் பயணம். எல்லோருக்கும் முன்னால் ஓடி வந்த ஜோதி, கடைசியாக ஓடவேண்டிய சௌந்தர்யாவுக்கு பேட்டன் குழாயை நீட்டினாள். அது தரையில் விழுந்து உருண்டது.

ஜோதி அங்கேயே உட்கார்ந்து முகத்தை மூடிக்கொண்டாள். சௌந்தர்யா குனிந்து எடுத்து, மற்றவர்கள் ஓடி முடித்துவிட்ட பாதையில் அழுதுகொண்டே தனியாக ஓடினாள். அந்தக் குழாயின் வழவழப்பு இன்றும் சில சமயம் அவள் உள்ளங்கையில் வந்து போகும்.

மறுநாள் பேப்பரில் அவள் குனியும் படம்தான் பெரிதாக வந்தது. தோற்றாலும் நிற்காதவள் என்று பெயர் வந்தது, பிறகு வேலையும் வந்தது. ஜோதிக்கு மிஞ்சியது ‘ஓட்டைக்கை’ என்ற பட்டம். அதன்பின் எந்த அணியும் அவளைக் கூப்பிடவில்லை.

“மொதல்ல அவ ஓடட்டும். அப்புறம் பேசலாம்” என்று ஈஸ்வர் விசில் ஊதினார்.

இரண்டாவதாக ஓடி வந்த அறிவுச்செல்வி, ஜோதியின் கையை எட்டுவதற்குள் பேட்டனை நழுவவிட்டாள். ஜோதி பதறிக் கையை நீட்டினாள்.

“தொடாத ஜோதி!” ஈஸ்வர் கத்தினார். “உட்டது அறிவு. அவதான் எடுக்கோணும். நீ எடுத்தா டீமே அவுட்டு!”

ஜோதி நீட்டிய கையோடு அப்படியே நின்றாள்.

சௌந்தர்யா சிரித்தாள். “பாத்தீங்களா சார்? இவ பக்கத்துல நின்னாலே போதும், பேட்டன் மண்ணுக்குத்தான் போவும்.”

“போதும் சௌந்தர்யா.”

“எப்படிங்க போதும்? லண்டன் போயிருக்கவேண்டியவ நான்.” மொபைலில் தான் குனியும் அந்தப் பேப்பர் படத்தை எடுத்து ஜோதியின் முகத்துக்கு நேரே பிடித்தாள். “இந்தா. நீ பண்ணி வெச்சத நல்லாப் பாரு.”

“இதை நான் பாத்ததே இல்ல” என்றாள் ஜோதி. “பாக்கத் தெம்பு வல்ல.”

“இன்னைக்குப் பாரு.”

ஜோதி மொபைலை வாங்கிக்கொண்டாள். பார்த்தாள். பார்த்துக்கொண்டே இருந்தாள். வெளியே ஒரு லாரி ஹாரன் அடித்துக் கடந்து போனது. அவள் அழுவாள் என்று சௌந்தர்யா காத்திருந்தாள்.

“அன்னைக்கு நம்ம டீமை அவுட்டுன்னு அறிவிச்சாங்களா?” ஜோதியின் குரலில் அழுகை இல்லை.

“எதுக்கு அறிவிக்கறாங்க? கடைசி எடம் குடுத்தாங்க. அதுவும் நான் எடுத்துட்டு ஓடுனதால!”

ஜோதி மறுபடி படத்தைப் பார்த்தாள். ஈஸ்வர் அருகில் வந்து படத்தை எட்டிப் பார்த்தார். பிறகு நிமிர்ந்து சௌந்தர்யாவைப் பார்த்தார். அந்தப் பார்வை ஏன் தன் மேல் விழுகிறது என்று அவளுக்குப் புரியவில்லை.

ஜோதி மொபைலை அவள் உள்ளங்கையில் வைத்தாள்.

“உட்டவதான் எடுக்கோணும். அன்னைக்கு நீ ஏன் புள்ள குனிஞ்ச?”